எடையற்ற தூசி

பொருளைக் கலைத்து மீண்டும் நம் விருப்பப்படி அடுக்கித் தரும் நுண்ணியந்திரங்களைப் பற்றிய கதைகளுக்கு ஒரு வாய்ப்பாடு உண்டு. முதல் பாதியில் குப்பையிலிருந்து ரொட்டியும் கரியிலிருந்து வைரமும் வரும். இரண்டாம் பாதியில் அவ்வியந்திரங்கள் கட்டுமீறிப் பெருகி உலகைத் தின்னத் தொடங்கும். எரிக் டிரெக்ஸ்லர் 1986இல் வெளியிட்ட 'எஞ்சின்ஸ் ஆஃப் கிரியேஷன்' என்ற நூலில் இந்த அச்சத்துக்குச் 'சாம்பல் கூழ்' என்று பெயர் இருக்கிறது. அதே டிரெக்ஸ்லர், தன்னைத்தானே படியெடுத்துக்கொள்ளும் இயந்திரம் இத்தொழில்நுட்பத்துக்குத் தேவையே இல்லை என்று 2004இல் எழுதிவிட்டார். அதற்கு முன்பே வேதியியலாளர் ரிச்சர்ட் ஸ்மாலி, அணுக்களை ஒவ்வொன்றாய்ப் பொறுக்கும் விரல்களும் அணுக்களால்தான் ஆகவேண்டும், அவை தடித்தும் ஒட்டிக்கொண்டும் இருக்கும் என்று கேலி செய்திருந்தார். கதாசிரியர்கள் இதையெல்லாம் பொருட்படுத்தவில்லை. உலகம் அழிவது எழுதுவதற்கு வசதியானது.

சாம்பல் கூழைப் பற்றி அஞ்சிக்கொண்டிருப்பது ஒருவகைச் சொகுசு என்றே நினைக்கிறேன். பொருளை உருமாற்றும் தொழிலின் நிஜமான ஆபத்தைக் காண விரும்பும் எழுத்தாளர் கும்மிடிப்பூண்டி ரயிலைப் பிடிக்கலாம். அங்கிருந்து வடக்கே அடுத்த நிலையம் எளாவூர். கொல்கத்தா நெடுஞ்சாலையில் ஆந்திர எல்லையை ஒட்டிய ஊர். தமிழ்நாட்டுக்குள் நுழையும் லாரிகளின் சுமையையும் தாள்களையும் சரிபார்க்கும் சோதனைச் சாவடியால் பெயர் பெற்றது. தெற்கே சிப்காட் வளாகத்தில், பழைய இரும்பை உருக்கிக் கட்டுமானக் கம்பியாக்கும் உலைகள் இருக்கின்றன. காயலான் கடைச் சரக்கு உள்ளே போய் வீடாகப் போகிற கம்பி வெளியே வருவது, அறிவியல் புனைகதைக்காரர்கள் கனவு கண்ட உருமாற்றம்தானே? வேறுபாடு ஒன்றுதான். கதையில் பொருள் முழுதாக மாறுகிறது, மிச்சம் எதுவும் இல்லை. உலையில் மிச்சம் உண்டு.

அந்த மிச்சத்தைச் சற்று நிதானமாகப் பார்க்க வேண்டும். எஃகு உருக உலையில் 1500 பாகைக்கு மேல் வெப்பம் வேண்டும். பழைய இரும்போடு துத்தநாகம் பூசிய தகடுகளும் வந்து விழுகின்றன. துத்தநாகமோ 907 பாகையிலேயே கொதித்து ஆவியாகிவிடும். அந்த ஆவி காற்றில் பட்டு ஆக்ஸைடாகிக் குளிரும்போது, நானோமீட்டர் கணக்கில் மட்டுமே அளக்கக்கூடிய துகள்கள் பிறக்கின்றன. பல கோடி செலவில் ஆய்வகங்கள் செய்வதை உலை ஒரு செலவுமின்றி, யாரும் கேட்காமலே செய்கிறது. அதை மூச்சில் இழுப்பவருக்கு அன்றிரவு குளிரும் காய்ச்சலும் வரும். ஓய்வு நாளில் உடல் தன் பழக்கத்தை இழந்து, வேலைக்குத் திரும்பியதும் மீண்டும் நோவதால் தொழில் மருத்துவத்தில் இதற்குத் 'திங்கட்கிழமைக் காய்ச்சல்' என்ற பெயர் உண்டு.

நீல் ஸ்டீபன்சன் 1995இல் எழுதிய 'தி டயமண்ட் ஏஜ்' இவ்வகை நாவல்களில் தனித்து நிற்பது இதனால்தான். அதில் வீட்டுக்கு வீடு பொருளைப் பிறப்பிக்கும் பெட்டி இருக்கிறது. ஆனால் அதற்கு அணுக்களைக் கொண்டுவரும் குழாய் வேறொருவர் கையில். கண்ணுக்குத் தெரியாத நுண்ணியந்திரங்கள் ஒன்றையொன்று அழித்துக் கரும்பொடியாக விழுகின்றன. ஏழைகளின் குடியிருப்பில் வளரும் ஒரு சிறுவனின் நெஞ்சு அப்பொடியால் அடைத்துப்போகிறது. நாவலைப் பாராட்டுகிறவர்கள் மாயப் புத்தகத்தைப் பற்றிப் பேசுகிறார்களே ஒழிய, இந்தப் பொடியைப் பற்றிப் பேசுவதில்லை. சிப்காட்டைச் சுற்றியுள்ள ஊர்களில் வீட்டுக்குள் கறுப்புத் தூசி படிகிறது என்று ஆண்டுக்கணக்காய்ப் புகார் சொல்பவர்களுக்கு அந்தப் பக்கங்கள் எளிதில் விளங்கும்.

நானோ அளவில் பொருளைக் கையாள்வது தமிழ் நிலத்துக்குப் புதிதும் அல்ல. தென்னிந்திய உருக்கிலிருந்து செய்யப்பட்டதாகக் கருதப்படும் டமாஸ்கஸ் வாள் ஒன்றில் கார்பன் நானோ குழாய்கள் இருப்பதை டிரெஸ்டன் ஆய்வாளர்கள் 2006இல் கண்டார்கள். இதை வைத்து மார்தட்டுவதில் எனக்கு விருப்பமில்லை. கொல்லருக்கு வாள் தெரிந்தது, குழாய் தெரியாது. உலை மூட்டியவர் எந்தப் புகையைக் குடித்தார் என்பதும் யாருக்கும் தெரியாது.

தொழில்நுட்பத்துக்கு எதிராகப் பேசுவதாக எண்ண வேண்டாம். குடிநீரில் கலந்த பூச்சிக்கொல்லியை நானோ துகள்களால் நீக்கும் வழியைச் சென்னை ஐஐடியில் பேராசிரியர் டி. பிரதீப்பின் குழு உருவாக்கியது. 2009இல் டாடா நிறுவனம் உமிச் சாம்பலில் வெள்ளி நானோ துகளைப் பதித்து, மின்சாரம் வேண்டாத நீர்வடிகட்டியைக் கொண்டுவந்தது. இவை நல்ல காரியங்கள். தேர்ந்து செய்யும் துகளுக்கு ஆய்வும் காப்புரிமையும் விளம்பரமும் கிடைக்கின்றன. தானாய்ப் பிறக்கும் துகளுக்கு ஒரு பதிவேடுகூடக் கிடையாது.

பதிவேடு இல்லாததற்குக் காரணம் நம் தராசு. 2009ஆம் ஆண்டின் காற்றுத் தர விதி, 2.5 மைக்ரான் வரையுள்ள தூசி ஆண்டுச் சராசரியாக ஒரு கனமீட்டருக்கு 40 மைக்ரோகிராமுக்குமேல் கூடாது என்கிறது. புகைபோக்கிக்கான அளவும் மில்லிகிராமில்தான். இவை எடைக் கணக்குகள். 2.5 மைக்ரான் துகள் ஒன்றின் எடைக்கு, அதே பொருளாலான 50 நானோமீட்டர் துகள்கள் 1,25,000 வேண்டும். பெரிய தூசியை வடிகட்டிவிட்டு நுண்தூசியை வெளியே விட்டால் ஆலை சட்டப்படி சுத்தமானது. நுரையீரலின் கடைசிச் சிற்றறை வரை இறங்குவதும் இரத்தத்தில் கலக்கக்கூடியதும் அந்த நுண்தூசிதான். எளாவூர்ச் சாவடியில் ஒரு லாரியின் கூடுதல் சுமைக்கு அபராதம் உண்டு; இந்தச் சுமை எந்தச் சாவடியிலும் நிற்பதில்லை.

எண்ணிக் கணக்கிட முடியாது என்று யாரும் சொல்ல முடியாது. 2020 ஏப்ரலில் நடைமுறைக்கு வந்த பிஎஸ் 6 விதி டீசல் கார்களுக்குத் துகள்களின் எண்ணிக்கையையே வரம்பாக வைக்கிறது. காருக்கு ஒரு நியாயம், உலைக்கு ஒரு நியாயமா? கும்மிடிப்பூண்டி போன்ற வளாகங்களில் உலைக்கருகிலும், ஊரின் பள்ளிக்கூடத்திலும் துகள்களை எண்ணி, எண்ணியதை ஊராட்சி அலுவலகச் சுவரில் தமிழில் எழுதி வைக்க வேண்டும். இதற்கான கருவி கையில் தூக்கிச் செல்லும் அளவிலேயே கிடைக்கிறது. துகளின்மேல் ஆல்கஹால் ஆவியைப் படியவைத்து, அதை ஒளிக்குத் தெரியும் அளவுக்குப் பருக்கவைத்து, ஒன்றொன்றாய் எண்ணுகிறது.