வெளிச்சம் பார்த்த மனுஷன்

"கேமரா ரெடி மச்சி, லைட்டுக்குத்தான் காசில்லை" என்று புலம்பும் ஷார்ட் ஃபிலிம் பார்ட்டியா நீங்க? ஸ்வென் நிக்விஸ்ட்டைத் தெரிஞ்சுக்கங்க. ஸ்வீடன்காரர், 1922-ல் பிறந்தவர். இயக்குநர் இங்மர் பெர்க்மனின் ஆஸ்தான ஒளிப்பதிவாளர். 'வின்டர் லைட்' (1963) எடுக்கும் முன் இருவரும் ஒரு சர்ச்சில் உட்கார்ந்து, குளிர்கால வெளிச்சம் எப்படி மாறுதுன்னு மணிக்கணக்கில் பார்த்தார்கள். படத்தில் தெரிவது அதே சோகையான, நிழல் விழாத பகல்தான்.

லைட்டைக் குறைத்தே, 'க்ரைஸ் அண்ட் விஸ்பர்ஸ்', 'ஃபேனி அண்ட் அலெக்ஸாண்டர்' என இரண்டு ஆஸ்கர் வாங்கினார். முகம்தான் அவருக்கு லொகேஷன்!

1998-ல் அஃபேசியா நோய் அவரிடமிருந்து வார்த்தைகளைப் பறித்தது. கேமராவையும் கீழே வைத்தார். 2006-ல் மறைந்தார்.

இன்னிக்குச் சாயங்காலம் ஹாஸ்டல் ஜன்னலோரம் அரை மணி நேரம் சும்மா உட்காருங்க. ஸ்விட்ச் மட்டும் போடாதீங்க!