ஒற்றை கிதாருக்குள் ஒரு சம்பா

போஸா நோவா என்றதும் விடுதி முகப்பிலும் மின்தூக்கியிலும் கசியும் மெல்லிசைதான் பலருக்கு நினைவுக்கு வருகிறது. பேச்சுக்கு இடையூறு செய்யாது என்பதே அதற்குக் கிடைக்கும் பாராட்டு. நாங்கள் இதை ஏற்பதற்கில்லை.

1950களின் இறுதியில் ரியோ டி ஜெனிரோவில் உருவான இவ்விசையின் வேர் சம்பா. பல தாளக் கருவிகள் சேர்ந்து எழுப்பும் அந்த முழக்கத்தை ஜோவாவோ ஜில்பெர்ட்டோ ஒரே கிதாருக்குள் ஒடுக்கினார். கட்டைவிரல் மந்தரத் தந்திகளில் சுர்தோ என்னும் பெருமுரசின் சீரான அடியைக் காக்கிறது. மற்ற விரல்கள் மீட்டும் சுரக்கொத்துகள், தம்போரிம் என்னும் சிறுபறையைப்போல், அடிக்குச் சற்று முன்னோ பின்னோ விழுகின்றன. இந்த இழுபறியில்தான் இசையின் உயிர் இருக்கிறது.

பாடகரும் விலகிவிட்டால் மெட்டின் சுமையும் அதே கையில் ஏறுகிறது. லூயிஸ் போன்ஃபா 1959இல் ரியோவில் தனியே வாசித்ததை அமெரிக்க ஒலிப்பதிவாளர் எமரி குக் பதிவு செய்தார். ஸ்மித்சோனியன் ஃபோக்வேஸ் அதை 2005இல் மறுவெளியீடு செய்தது. முரசு, தாளம், மெட்டு மூன்றையும் ஒருவரே ஏந்துகிறார், எங்கும் பதற்றமில்லை. நைலான் தந்தியின் ஒலி விரைவில் அடங்கிவிடுவதால், மீட்டாத இடங்களும் தாளத்தில் பங்கேற்கின்றன.

இத்தனை உழைப்பும் வெளித்தெரியாமல் இருப்பதையே நாம் வெறுமை என்று தவறாக வாசித்துவிட்டோம். ஒருமுறை பேச்சை நிறுத்திவிட்டு, அந்தக் கட்டைவிரலை மட்டும் பின்தொடர்ந்து கேளுங்கள். அதன்பின் இதைப் பின்னணி இசை என்றழைக்க மனம் வராது.