செதுக்கிய கைகளுக்குப் பங்கு எங்கே?

எங்கள் மயிலாடியில் காலை விடிவதே உளியோசையோடுதான். இங்குள்ள பட்டறைகளில் செதுக்கப்படும் சிலைகள் பல ஊர்களுக்கும், கடல் கடந்தும் செல்கின்றன. சிலை எந்தக் கோயிலில், எந்த மாளிகையில் நிற்கிறது என்பது பலருக்குத் தெரியும். அதைச் செதுக்கிய கையின் பெயர் பீடத்தில் இருப்பதில்லை. கால்பந்து வீரர்களின் இடப்பெயர்வைப் பற்றி எண்ணும்போதெல்லாம் எனக்கு இந்தப் பட்டறைகளே நினைவுக்கு வருகின்றன.

2014-ஆம் ஆண்டு இந்தியன் சூப்பர் லீக் தொடங்கியபோது, சென்னையின் எஃப்.சி. அணியில் கேமரூன் நாட்டைச் சேர்ந்த எரிக் ஜெம்பா–ஜெம்பா இடம்பெற்றார். இத்தாலியின் மார்கோ மாட்டரசி பயிற்சியாளராகவும் வீரராகவும் இருந்த அணி அது. பிரேசிலின் எலானோ அத்தொடரில் அதிக கோல் அடித்தவர். இந்தப் பெயர்களுக்கு நடுவே ஜெம்பா–ஜெம்பாவை நம்மில் பலர் கவனித்திருக்க மாட்டோம். ஆனால், ஒரு பொருளாதார மாணவனுக்கு அவருடைய வாழ்க்கைப் பயணம்தான் அதிகம் கற்றுத் தருகிறது.

1981-இல் கேமரூனின் துறைமுக நகரான டூவாலாவில் பிறந்த அவர், பிரான்ஸின் நாந்த் கழகத்தில் ஆடினார். 2003-இல் சுமார் 35 லட்சம் பவுண்டுக்கு மான்செஸ்டர் யுனைடெட் அவரை வாங்கியது. ராய் கீனின் இடத்தை ஒருநாள் நிரப்பக்கூடியவர் என்று அப்போது பேசப்பட்டார். அந்த எதிர்பார்ப்பு நிறைவேறவில்லை. 2005 ஜனவரியில் ஆஸ்டன் வில்லாவுக்குச் சென்றார். பிறகு கத்தார், டென்மார்க், இஸ்ரேல், செர்பியா, ஸ்காட்லாந்து என்று நாடுகள் மாறின. சென்னைக்கு வந்தபோது அவருக்கு வயது 33. அடுத்து அவர் சென்ற நாடு இந்தோனேசியா.

இதை ஒரு தனிமனிதரின் ஏற்ற இறக்கமாக மட்டும் பார்ப்பது பிழை. உலகக் கால்பந்துச் சந்தை இயங்கும் விதமே இதுதான். விளையாட்டு வீரரின் உழைப்புக்காலம் மிகக் குறுகியது. இருபது வயதுக்குமேல் உயர்ந்து, முப்பதை ஒட்டிச் சரியத் தொடங்குகிறது. வயது கூடக்கூட, அவர் பணக்காரச் சந்தைகளிலிருந்து சிறிய சந்தைகளை நோக்கி நகர்கிறார். அந்த வரிசையில் இந்தியா கடைசிப் படிகளில் ஒன்றாக இருந்தது. 2014-இல் நாம் வாங்கியது பெரும்பாலும் பழைய புகழை. அதற்காக அவரைக் குறைகூற எதுவுமில்லை. உழைக்க முடிந்த வரை உழைப்பது எவருக்கும் உரியது.

இதே கேமரூனிலிருந்து வந்த இன்னொருவரின் கதை வேறு. ஆசெர் பியெரிக் திபாண்டா ஐரோப்பியப் புகழோடு இங்கு வந்தவரல்லர். 2016–17 ஐ-லீக் தொடரில் ஷில்லாங் லாஜோங் அணிக்காக 11 கோல்கள் அடித்து முதலிடம் பெற்றார். அடுத்த ஆண்டு மோகன் பகானுக்காக 13 கோல்கள் அடித்து மீண்டும் முதலிடம் பெற்றார். இந்தியா அவருக்கு ஓய்வுகாலச் சந்தையாக இருக்கவில்லை. பெயர் பெற்றுத் தந்த களமாக இருந்தது. 1980-களில் மாணவராக இந்தியா வந்து கொல்கத்தா ரசிகர்களின் நெஞ்சில் இடம்பிடித்த நைஜீரியாவின் சீமா ஒகோரியும் இவ்வகையினரே.

இவர்களைவிடப் பன்மடங்கு அதிகமானவர்கள் நம் கண்ணுக்கே தெரியாதவர்கள். நம் எல்லையைத் தாண்டிச் சென்றால், கேரளத்தின் மலபார் பகுதியில் ‘செவன்ஸ்’ எனப்படும் எழுவர் கால்பந்துப் போட்டிகள் நடக்கின்றன. அறுவடை முடிந்த வயல்களிலும் தற்காலிக அரங்குகளிலும் பல்லாயிரம் பேர் கூடுகிறார்கள். ஒவ்வொரு அணியிலும் ஆப்பிரிக்க வீரர்கள் இருப்பார்கள். கேமரூனோ கானாவோ ஐவரி கோஸ்டோ, எங்கிருந்து வந்தாலும் அவர்களுக்கு அங்கே ‘சூடானி’ என்றே பெயர். 2018-இல் வெளியான ‘சுடானி ஃப்ரம் நைஜீரியா’ என்ற மலையாளத் திரைப்படம் அந்த வாழ்க்கையைப் பரிவோடு காட்டியது. ஆனால் பரிவு மட்டுமே நிலவுகிறது என்று சொல்வதற்கில்லை. 2024 மார்ச்சில் மலப்புரம் மாவட்டம் அரீக்கோட்டில் ஐவரி கோஸ்ட் வீரர் ஒருவர் பார்வையாளர்களால் துரத்தித் தாக்கப்பட்டார். தம்மை இனத்தைச் சொல்லி இழிவுபடுத்தியதாகவும் அவர் காவல்துறையில் புகார் அளித்தார்.

இங்கேதான் பொருளாதாரத்தின் முக்கியமான வேறுபாடு ஒன்று வருகிறது. ஒரு வீரர், உலகக் கால்பந்துக் கூட்டமைப்பான ஃபிஃபாவின் விதிகளுக்கு உட்பட்ட கழகத்தில் பதிவுசெய்யப்பட்டிருந்தால் அவருக்குச் சில பாதுகாப்புகள் உண்டு. இரண்டு மாத ஊதியம் நிலுவையில் இருந்தால், எழுத்து மூலம் 15 நாள் கெடு கொடுத்து, அதன் பிறகு ஒப்பந்தத்தை முறித்துக்கொள்ளலாம். ஃபிஃபாவின் தீர்ப்பாயத்தை அணுகலாம். நிலுவையைக் கொடுக்கும்வரை அந்தக் கழகம் புதிய வீரர்களைப் பதிவுசெய்ய முடியாதபடி தடையும் விதிக்கப்படலாம். இந்தியாவின் பெயர்பெற்ற கழகங்கள் சிலவும் இத்தகைய தடைகளைச் சந்தித்திருக்கின்றன. ஆனால், எழுவர் கால்பந்து அந்த அங்கீகாரத்துக்கு வெளியே நடப்பது. அங்கே ஊதியம் தராவிட்டால் முறையிட எந்தத் தீர்ப்பாயமும் இல்லை. கடவுச்சீட்டு யார் கையில், திரும்பும் பயணச்சீட்டு யார் பொறுப்பில் என்பவையெல்லாம் வாய்மொழி ஏற்பாடுகளே.

குமரி மாவட்டத்து மக்களுக்கு இந்த நிலையை விளக்கிச் சொல்ல வேண்டியதில்லை. நம் கடற்கரைக் கிராமங்களிலிருந்து ஈரான், பஹ்ரைன், சவூதி அரேபியா என்று சென்று, பிறர் படகுகளில் மீன்பிடிப்போர் ஏராளம். முறையான ஒப்பந்தத்தோடு செல்பவருக்கும், முகவரின் சொல்லை நம்பிச் சுற்றுலா விசாவில் செல்பவருக்கும் உள்ள தொலைவு, துன்பம் வந்த பிறகுதான் புரிகிறது. அங்கே நம் பிள்ளைகளுக்கு எந்த நீதியைக் கேட்கிறோமோ, அதே நீதியை இங்கே வந்து நம் வயல்வெளியில் ஆடும் டூவாலாவின் பிள்ளைக்கும் கொடுக்க வேண்டும். இதில் இரு அளவுகோல்கள் இருக்க இயலாது.

பதிவுசெய்யப்பட்ட கால்பந்திலும் எல்லாம் நலம் என்று சொல்லிவிட முடியாது. 2010-இல் அகில இந்தியக் கால்பந்துக் கூட்டமைப்பு 15 ஆண்டுகளுக்கு 700 கோடி ரூபாய்க்கு வணிக உரிமைகளைத் தனியாருக்கு வழங்கியது. அந்த ஒப்பந்தம் 2025 டிசம்பரில் முடிவடைய இருந்த நிலையில், புதுப்பிப்பது குறித்துத் தெளிவு இல்லாததால் 2025 ஜூலையில் சூப்பர் லீக் தொடர் நிறுத்திவைக்கப்பட்டது. ஆகஸ்டில் பெங்களூரு கழகம் ஊதியத்தை நிறுத்திவைத்தது. சென்னைக் கழகம் தன் முதன்மை அணியின் செயல்பாட்டைத் தற்காலிகமாக நிறுத்தியது. உரிமைகளுக்கான ஒப்பந்தப்புள்ளி கோரப்பட்டபோது ஒருவரும் முன்வரவில்லை. ஒரே நிதியாளரை நம்பிக் கட்டிய அமைப்பு, அவர் விலகினால் என்னவாகும் என்பதற்கு இதைவிடத் தெளிவான பாடம் வேண்டியதில்லை. அவ்வாண்டு நவம்பரில் டாக்காவில் வங்கதேசத்திடம் 0–1 என்று இந்தியா தோற்றதும் அதே சூழலில்தான்.

அயல்நாட்டு வீரர்களால்தான் நம் வீரர்கள் வளரவில்லை என்ற வாதம் அடிக்கடி எழுகிறது. இதில் ஓரளவு உண்மை உண்டு. தாக்குதல் ஆட்டக்காரர் இடத்தை அவர்களுக்கே ஒதுக்கிவிட்டால் உள்நாட்டு இளைஞன் கோல் அடிக்கப் பழகுவது எப்போது? 2014-இல் ஓர் அணியில் ஒரே நேரத்தில் ஆறு அயல்நாட்டவர் களமிறங்கலாம் என்றிருந்தது. அது ஐந்தாகி, 2021-இல் நான்காகக் குறைக்கப்பட்டது. அப்படிக் குறைத்தும் தேசிய அணியின் நிலை உயரவில்லை. ஆகவே, சிக்கல் வருபவர்களிடம் மட்டும் இல்லை. 2018–19 ஐ-லீக் கோப்பையைக் கோயம்புத்தூரைக் களமாகக் கொண்டு வென்ற சென்னை சிட்டி அணியில், உருகுவே நாட்டவரான பெட்ரோ மன்சி 21 கோல்கள் அடித்தார். அதே அணியில்தான் தமிழ்நாட்டு இளைஞர்கள் பலர் தங்கள் திறமையை நாடறியச் செய்தார்கள். வருபவரும் இருப்பவரும் சேர்ந்து வளர இயலும் என்பதற்கு அது சான்று.

அந்த அணியிலிருந்து முன்பே புறப்பட்டவர் நம் மாவட்டத்தின் இரவிபுத்தன்துறையைச் சேர்ந்த மைக்கேல் சூசைராஜ். ஜாம்ஷெட்பூர் வழியாகக் கொல்கத்தா அணிக்குச் சென்று, 2019–20 சூப்பர் லீக் கோப்பையை வென்ற அணியில் இடம்பெற்றார். 2020 நவம்பரில் அடுத்த தொடரின் முதல் ஆட்டத்திலேயே காயமுற்று வெளியேற நேர்ந்தது. ஒரு முழங்கால் எவ்வளவு பெரிய முதலீடு என்பதை அன்று அறிந்தோம்.

நான் கல்லூரியில் பணியாற்றியபோது, கடற்கரைக் கிராமத்து மாணவன் ஒருவன் வெளிமாநில அணி ஒன்றில் ஆடப் போனான். ஒப்பந்தத்தைக் கொண்டு வந்து காட்டு என்றேன். “எழுத்தெல்லாம் ஒன்றும் இல்லை சார், வாய்ப்பேச்சுதான்” என்றான். நான்காம் மாதம் முழங்காலில் கட்டோடு திரும்பி வந்தான். மருத்துவச் செலவை அவன் தந்தை வளைகுடாவிலிருந்து அனுப்பிய பணம்தான் சுமந்தது. பொருளாதாரத்தில் இடர்ப்பங்கீடு என்று ஒரு பாடம் உண்டு. இடரைத் தாங்க வல்லவரே அதை ஏற்க வேண்டும் என்பது அதன் சாரம். எங்கள் மாணவன் விஷயத்தில் அந்தப் பாடம் தலைகீழாக நடந்தது.

இனி, செதுக்கிய கைக்கு வருவோம். ஃபிஃபாவின் விதிகளில் ‘ஒற்றுமைப் பங்களிப்பு’ என்று ஒன்று இருக்கிறது. ஒப்பந்தக் காலம் முடியுமுன் ஒரு வீரர் ஒரு நாட்டிலிருந்து மற்றொரு நாட்டின் கழகத்துக்கு விற்கப்பட்டால், அந்தத் தொகையில் 5 சதவீதம், 12 முதல் 23 வயது வரை அவருக்குப் பயிற்சியளித்த கழகங்களுக்குச் சேர வேண்டும். 35 லட்சம் பவுண்டு விலைக்கு இதைக் கணக்கிட்டுப் பார்ப்போம். மொத்தப் பங்கு 1,75,000 பவுண்டு. 12 முதல் 15 வயது வரையிலான ஒவ்வோர் ஆண்டுக்கும் இதில் 5 சதவீதம், அதாவது 8,750 பவுண்டு. நான்கு ஆண்டுகளும் ஒரே சிறிய கழகம் பயிற்சியளித்திருந்தால் அதற்கு 35,000 பவுண்டு கிடைக்க வேண்டும். ஒரு சிற்றூர்க் கழகத்துக்கு அது மைதானமும் பந்தும் பயிற்சியாளரும் பல ஆண்டுகளுக்குத் தரக்கூடிய தொகை.

ஆனால் அதைப் பெற ஒரு நிபந்தனை உண்டு. அந்தக் கழகம் முறையாகப் பதிவுபெற்றிருக்க வேண்டும். சிறுவன் எந்த ஆண்டு எங்கே பயிற்சி பெற்றான் என்பதற்கு ஆவணம் இருக்க வேண்டும். தூத்தூர், இரவிபுத்தன்துறை, சின்னத்துறை, வள்ளவிளை ஆகிய ஊர்களில் கால்பந்து கற்றுத் தருவது பெரும்பாலும் ஊர் மன்றங்களும் மூத்த வீரர்களுமே. மாலையில் கடற்கரை மணலில் அவர்கள் செய்யும் முதலீடு எந்த ஏட்டிலும் இல்லை. நாளை அவர்களிடம் பயின்ற ஒருவன் கடல் கடந்து விலைபோனாலும் அந்த ஊருக்கு ஒரு ரூபாய் வராது. உள்நாட்டுக் கழகங்களுக்கு இடையிலான விற்பனையில் இத்தகைய பங்கு கிடைப்பது தேசியக் கூட்டமைப்பு வகுக்கும் விதிகளைப் பொறுத்தது.

ஆகவே, செய்ய வேண்டியவை சில உண்டு. கடற்கரை ஊர்களின் கால்பந்து மன்றங்களைப் பதிவுசெய்து, ஒவ்வொரு சிறுவனின் பயிற்சிக்காலத்தையும் ஆவணப்படுத்த மாநில அரசும் மாநிலக் கால்பந்துச் சங்கமும் உதவ வேண்டும். நுழைவுச்சீட்டு விற்று நடத்தப்படும் எந்தப் போட்டிக்கும், எழுவர் கால்பந்து உட்பட, எழுத்து வடிவ ஒப்பந்தம், காப்பீடு, களத்தருகே மருத்துவ ஊர்தி ஆகியவற்றை அனுமதிக்கான நிபந்தனையாக்க வேண்டும். கடைசியாகச் சொன்னது சிறிய கோரிக்கை அன்று. 2003 ஜூனில் லியோன் நகரில் கேமரூனின் மார்க்–விவியன் ஃபோ ஆடுகளத்திலேயே சரிந்து உயிரிழந்தார். 2004 டிசம்பர் 5 அன்று பெங்களூரில் டெம்போ அணிக்காக ஆடிய பிரேசில் வீரர் கிறிஸ்டியானோ ஜூனியரும் அவ்வாறே மறைந்தார். இருவரும் வீட்டைவிட்டு வெகுதொலைவில் பிழைப்புக்காக ஓடிக்கொண்டிருந்தவர்கள்.

ஜெம்பா–ஜெம்பா சென்னையில் ஆடியது ஒரே ஒரு பருவம். அவர் வந்ததும் போனதும் நமக்கு விளையாட்டுச் செய்தி. ஆனால் அவரைப் போன்றவர்களின் பாதையில்தான் நம் கடற்கரைப் பிள்ளைகளும் நாளை நடக்கப் போகிறார்கள். அந்தப் பாதையில் நியாயமான விதிகளை இடுவது, வந்தவர்களுக்குச் செய்யும் உபகாரம் மட்டுமன்று. போகவிருக்கும் நம் பிள்ளைகளுக்கு நாம் செய்யும் முன்னேற்பாடும் அதுவே.