ஏழைக்கு ஒரு கடிகாரம், சர்க்காருக்கு ஒரு கடிகாரமா?

சிவில் வழக்கில் தோற்றவன் அப்பீல் செய்யக் கெடு உண்டு. ஜில்லாக் கோர்ட்டுக்கு 30 நாள். ஹைகோர்ட்டுக்கு 90 நாள். 1963-ம் வருஷத்துக் காலவரம்புச் சட்டத்தின் கணக்கு இது. கெடு தாண்டினால் கதவு சாத்தப்படும்.

ஆனால் அந்தக் கதவில் ஒரு திட்டிவாசல் இருக்கிறது. அதுதான் அச்சட்டத்தின் 5-வது பிரிவு. தாமதத்துக்குப் "போதிய காரணம்" உண்டென்று கோர்ட் திருப்திப்பட்டால், கெடு தாண்டிய அப்பீலையும் ஏற்கலாம். கவனியுங்கள் தோழர்களே, "ஏற்கலாம்" என்றுதான் சட்டம் சொல்கிறது. "ஏற்க வேண்டும்" என்று சொல்லவில்லை! எல்லாம் நீதிபதியின் மனசைப் பொறுத்தது.

அந்தத் திட்டிவாசலில் சுலபமாக நுழைகிறவர் யார்?

1987-ல் காஷ்மீரத்து நில ஆர்ஜித வழக்கொன்று சுப்ரீம் கோர்ட்டுக்கு வந்தது. உயர்த்தப்பட்ட நஷ்டஈட்டை எதிர்த்து சர்க்கார் செய்த அப்பீல் 4 நாள் தாமதம். தாராள மனதோடு பார்க்க வேண்டும், சர்க்காரை மாற்றாந்தாய் மனப்பான்மையோடு நடத்தக்கூடாது என்று சொல்லி, தாமதத்தை மன்னித்தது கோர்ட். நாலு நாளை நாமும் குறை சொல்லவில்லை. ஆனால் சர்க்கார் இலாகாக்கள் அந்தத் தாராளத்தை நிரந்தரப் பாஸாக அல்லவா ஆக்கிக்கொண்டன!

2012-ல் தபால் இலாகா 427 நாள் தாமதத்தோடு வந்து நின்றது. 2020-ல் மத்தியப் பிரதேச சர்க்கார் 663 நாள் தாமதத்தோடு வந்தது. பல்லவி ஒன்றே: பைல் இந்த மேஜையிலிருந்து அந்த மேஜைக்குப் போயிற்று! இரண்டையும் சுப்ரீம் கோர்ட் தள்ளிவிட்டது. 2020-ல் 25,000 ரூபாய் அபராதமும் போட்டது.

பல்லவி நின்றதா? கர்நாடக வீட்டு வசதி வாரியம் 3,966 நாள் கழித்து ஹைகோர்ட்டுக்குப் போயிற்று. ஏறத்தாழ 11 வருஷம்! ஹைகோர்ட் அதையும் மன்னித்தது. எதிர்த்தரப்பார் டில்லி வரை போய்ப் போராடித்தான் 2025-ல் அந்த உத்தரவை ரத்து செய்ய வைத்தார்கள். டில்லிக்குப் போகப் பணமில்லாதவன் கதி என்ன?

இன்னொரு பக்கம் பாருங்கள். ஆந்திராவில் நில ஆர்ஜித வழக்கில் நிலம் இழந்தவர்களின் வாரிசுகள் 5,659 நாள் கழித்து அப்பீல் செய்தார்கள். ஹைகோர்ட்டிலேயே கதவு சாத்தப்பட்டது. 2024-ல் சுப்ரீம் கோர்ட்டும் திறக்க மறுத்தது. இரண்டு வழக்கின் காரணங்களும் வேறு என்பார்கள். வேறுதான்! ஆனால் வக்கீல் படையும் குமாஸ்தாப் படையும் வைத்திருப்பவன் பதினோரு வருஷம் தூங்கினால் அது "நிர்வாகத் தாமதம்". கூலிக்காரன் ஜுரத்தில் படுத்தால், தீர்ப்பு நகலுக்கும் வக்கீல் பீஸுக்கும் கடன் தேடி அலைந்தால், அதற்கு மட்டும் நாள்வாரியாகக் கணக்கா?

தூங்கிய அதிகாரியின் சம்பளத்திலிருந்து அபராதத்தைப் பிடி! சர்க்காருக்கும் கூலிக்காரனுக்கும் ஒரே அளவுகோல் வை! இதுவே நம் கோரிக்கை.

அதுவரை நாம் சும்மா இருக்கலாமா? தாமதம் எத்தனை நாள் என்பதல்ல, காரணம் உண்மையா என்பதே முக்கியம் என்று 1998-ல் தமிழ்நாட்டு வழக்கொன்றில் 883 நாள் தாமதத்தையே சுப்ரீம் கோர்ட் மன்னித்திருக்கிறது. அந்த நியாயம் நமக்கும் சொந்தம். தீர்ப்பு வந்த உடனே நகலுக்கு மனுப் போடுங்கள்; நகல் தயாராகும் காலம் கெடுவில் சேராது. கெடு தாண்டிவிட்டால், அப்பீலோடு தாமத மன்னிப்பு மனுவும் பிரமாணப் பத்திரமும் சேர்த்துக் கொடுங்கள். ஆஸ்பத்திரிச் சீட்டு, ரசீது எதையும் தூக்கி எறியாதீர்கள். ஜெயித்த தீர்ப்பை அமல் செய்யும் நிறைவேற்று மனுவுக்கு இந்த 5-வது பிரிவு உதவாது. அங்கே தாமதம் வேண்டாம்.

ஆலைத் தொழிலாளிக்கும், தாழ்த்தப்பட்ட மக்களுக்கும், பழங்குடியினருக்கும், பெண்களுக்கும் இலவச வக்கீல் கேட்கும் உரிமையை 1987-ம் வருஷத்துச் சட்டப்பணிகள் சட்டம் தந்திருக்கிறது. தாலுகா சட்டப்பணிகள் குழுவின் கதவைத் தட்டுங்கள். தனியாகப் போகாதீர்கள், சங்கத்தோடு போங்கள்!