தேயிலைத் தோட்டத்திலிருந்து இந்திய ரக்பி அணிக்கு: சேரங்கோட்டுப் பெண்களுக்கு இந்தப் பாதை திறக்குமா?

2019 ஜூன், மணிலா. ஆசியப் பெண்கள் ரக்பி சாம்பியன்ஷிப்பில் இந்தியாவும் சிங்கப்பூரும் மோதுகின்றன. ஆட்டம் முடிய ஒருசில நிமிடங்களே பாக்கி. கிடைத்த பெனால்டியை ஒடிசாவைச் சேர்ந்த சுமித்ரா நாயக் உதைக்கிறார். பந்து இரண்டு கம்பங்களுக்கு நடுவே பறக்கிறது. 21-19. பதினைந்து பேர் ஆடும் ரக்பியில் இந்தியப் பெண்கள் அணிக்குக் கிடைத்த முதல் சர்வதேச வெற்றி அது. அதற்கு ஓராண்டுக்கு முன்புதான் இந்த வடிவத்தில் அந்த அணி ஆடவே தொடங்கியிருந்தது.

அந்த அணியின் கேப்டன் வாபிஸ் பருச்சா, புனேவைச் சேர்ந்த பிசியோதெரபிஸ்ட். ஸ்வீட்டி குமாரி பீகாரில் ஓட்டப்பந்தயம் ஓடிக்கொண்டிருந்த பெண். சுமித்ரா, புவனேஸ்வரில் பழங்குடிப் பிள்ளைகளுக்கான உறைவிடப் பள்ளியில் படித்தவர். கிளப், கோச், ஜிம் என்று வசதியோடு வளர்ந்தவர்களை மட்டும் வைத்து உருவான அணி அல்ல இது. அப்படியானால் ஒரு பெண் இந்திய ரக்பி அணி வரை எப்படிப் போகிறார்? நீலகிரியின் சேரங்கோட்டில் கொழுந்து பறிக்கும் அம்மாவின் மகளுக்கு அந்த வழி உண்டா?

முதலில், ரக்பி என்றால் என்ன?

முட்டை வடிவப் பந்து. கையில் எடுத்துக்கொண்டு ஓடலாம், உதைக்கலாம். ஆனால் கையால் பாஸ் செய்தால் பந்து பக்கவாட்டிலோ பின்னாலோதான் போகணும், முன்னால் போகக் கூடாது. எதிரணியின் கோட்டைத் தாண்டி பந்தைத் தரையில் அழுத்தினால் 'ட்ரை', 5 புள்ளி. அதைத் தொடர்ந்து கம்பங்களுக்கு நடுவே உதைத்தால் இன்னும் 2. பெனால்டி உதைக்கு 3.

இரண்டு வடிவங்கள் உண்டு. 15 பேர் ஆடுவது 80 நிமிடம். 7 பேர் ஆடும் 'செவன்ஸ்' வெறும் 14 நிமிடம். ஒலிம்பிக்கில் இருப்பது செவன்ஸ்தான், 2016 ரியோவிலிருந்து. ஆள் குறைவு, செலவு குறைவு என்பதால் இந்தியாவில் பெண்கள் பெரும்பாலும் ஆடுவதும் அதுவே. எதிராளியின் இடுப்பையும் காலையும் பிடித்துச் சாய்ப்பதுதான் ரக்பியின் அடிப்படை. கபடி ஆடிய பெண்ணுக்கு இதில் பாதி ஏற்கெனவே தெரியும்.

தோட்டத்துப் பெண் இந்தியாவுக்கு ஆடியது எப்படி?

சேரங்கோட்டுக்குப் பொருந்தும் கதை மேற்கு வங்கத்தில் இருக்கிறது. சிலிகுரிக்கு அருகில், பைகுந்தபூர் காட்டை ஒட்டி இருக்கிறது சரஸ்வதிபூர் தேயிலைத் தோட்டம். கொல்கத்தாவில் பிரிட்டிஷ் தூதரக அதிகாரியாக இருந்த பால் வால்ஷ் தொடங்கிய 'ஜங்கிள் க்ரோஸ்' அமைப்பு, உள்ளூர்ப் பாதிரியார் ஒருவரின் முயற்சியில் 2013-ல் அங்கே ஒரு ரக்பி பந்தைக் கொண்டு வந்தது. பையன்களோடு பெண்களும் களத்தில் இறங்கினார்கள். 'பொம்பளப் பிள்ள அரை டவுசர் போட்டு உருண்டு புரள்றதா?' என்ற கேள்வி அங்கேயும் அதன் பாஷையில் எழுந்தது. பிள்ளைகள் பதக்கத்தோடு திரும்பி வரத் தொடங்கியதும் கேள்வி மெல்ல அடங்கியது.

அந்தத் தோட்டத்திலிருந்து வந்தவர்தான் சந்தியா ராய். இந்திய அணிக்கு ஆடினார். ஆசியாவில் பெண்கள் ரக்பியை வளர்க்க ஆசிய ரக்பி அமைப்பு நடத்திய 'அன்ஸ்டாப்பபிள்ஸ்' பிரசாரத்தில் இந்தியாவின் முகமாகத் தேர்வானார். அவரோடு அதே தோட்டத்தின் வேறு சில பெண்களும் இந்திய அணி வரை போனார்கள்.

இதைத் 'திறமைக்குக் கிடைத்த பரிசு' என்று சொல்லி முடித்துவிடலாம். ஆனால் அங்கே நடந்தது படிப்படியாக நடந்தது. முதலில் பந்து வந்தது. பிறகு வாரா வாரம் தவறாமல் வரும் பயிற்சியாளர் வந்தார். பள்ளி முடித்தவர்கள் கொல்கத்தா போய்த் தங்கிப் படித்துக்கொண்டே ஆட வழி செய்யப்பட்டது. மூன்றாவது படிதான் முக்கியம். ப்ளஸ் டூ முடிந்த கையோடு வேலைக்கோ கல்யாணத்துக்கோ போயிருக்க வேண்டிய பெண்களுக்கு அது இன்னும் சில வருடங்களைக் கொடுத்தது. ஒரு விளையாட்டு வீராங்கனை உருவாவது அந்தச் சில வருடங்களில்தான்.

இது 'கேரியர்' ஆகுமா? சம்பளம் உண்டா?

பெண்கள் ரக்பி உலக அளவில் வளர்ந்துவிட்டது. 2025 செப்டம்பரில் லண்டன் ட்விக்கன்ஹாம் மைதானத்தில் நடந்த பெண்கள் உலகக் கோப்பை இறுதிப் போட்டியை 81,885 பேர் நேரில் பார்த்தார்கள். இங்கிலாந்து 33-13 என கனடாவை வென்றது. 2019-லேயே இங்கிலாந்து 28 வீராங்கனைகளுக்கு முழுநேரச் சம்பள ஒப்பந்தம் கொடுத்துவிட்டது. ஆனால் அதே இறுதிப் போட்டிக்கு வந்த கனடா அணி, தயாரிப்புச் செலவுக்காக மக்களிடம் நன்கொடை திரட்டியது. உலகின் இரண்டாவது சிறந்த அணிக்கே நிலைமை இதுதான்.

இந்தியாவில் பெண்கள் ரக்பியை மட்டும் நம்பிக் குடும்பம் நடத்துவது இன்றைக்கு நடக்காத காரியம். 2025 ஜூனில் மும்பையில் ரக்பி பிரீமியர் லீக் தொடங்கியது. ஆறு அணிகள், டிவி ஒளிபரப்பு, வெளிநாட்டு நட்சத்திரங்கள். முதல் கோப்பையை வென்றது சென்னை புல்ஸ். தமிழ்நாட்டுக்குப் பெருமைதான். ஆனால் அந்த முதல் சீசன் ஆண்களுக்கானது. மணிலாவில் நாட்டுக்கு முதல் வெற்றி வாங்கித் தந்த பெண்களுக்கு அதில் இடமே இருக்கவில்லை.

ஆக, இந்தியாவில் ஒரு ரக்பி வீராங்கனைக்கு நடைமுறையில் இருக்கும் கேரியர் இரண்டு வகை. ஒன்று, வாபிஸ் மாதிரி வேறு தொழிலைக் கையில் வைத்துக்கொண்டு ஆடுவது. இன்னொன்று, விளையாட்டு மூலம் அரசு வேலை. பதக்கம் வென்றால் வேலை என்ற திட்டத்தில் பீகார் அரசு ரக்பி வீராங்கனைகளையும் சேர்த்துக்கொண்டது. பீகார் பெண்கள் ரக்பியில் முன்னுக்கு வந்ததற்கு இதுவும் ஒரு காரணம். வீட்டில் 'ஆடி என்ன கிடைக்கும்?' என்று கேட்டால் சொல்வதற்கு அவர்களிடம் ஒரு பதில் இருக்கிறது.

சேரங்கோட்டுக்கு இதில் என்ன?

பந்தலூர் தாலுகாவில் உள்ள சேரங்கோடு, அரசின் டான்டீ தேயிலைத் தோட்டம் உள்ள ஊர். 1964-ன் சிறிமாவோ-சாஸ்திரி ஒப்பந்தத்துக்குப் பிறகு இலங்கையிலிருந்து திரும்பிய தமிழர்களுக்கு வேலை கொடுக்க உருவானதுதான் டான்டீ. இங்குள்ள லைன் வீடுகளில் இருக்கும் பலரின் தாத்தா பாட்டிகள் இலங்கை மலையகத்தில் கொழுந்து பறித்தவர்கள். அந்த மலையகத்தில் ரக்பி புதிதல்ல. திம்புள்ள, டிக்கோயா என்று வெள்ளைக்காரத் தோட்டத் துரைமார் தனித்தனி அணி வைத்து ஆடினார்கள். பந்து துரைமார் கையில், கொழுந்துக் கூடை தொழிலாளியின் முதுகில். மூன்று தலைமுறை கழித்து அந்தப் பந்து தொழிலாளியின் பேத்தி கைக்கு வந்தால், அது தாமதமாகக் கிடைத்த நியாயம்.

மலையேறி, சரிவில் நடந்து பழகிய கால்களுக்கு உடல் வலு ஒரு பிரச்சினை இல்லை. தடைகள் வேறு. சேரம்பாடி, சேரங்கோடு பகுதியில் சாயங்காலம் ஆனால் யானை பயம். மூன்று பேரைக் கொன்ற 'சங்கர்' என்ற யானையை வனத்துறை 2021-ல் சேரம்பாடியில்தான் பிடித்தது. ஆறு மணிக்கு மேல் பிராக்டிஸ் முடிந்து ஒரு பெண் தனியாக லைன் வீட்டுக்கு நடக்க முடியாது. சரஸ்வதிபூரும் யானைக் காட்டை ஒட்டிய தோட்டம்தான். அங்கே நடந்ததை இங்கே நடத்த முடியாது என்று சொல்வதற்கில்லை.

இன்னொரு நியாயமான பயம், அடி படுவது. ரக்பியில் தலையில் அடி படும் வாய்ப்பு உண்டு, மறைக்கத் தேவையில்லை. அதனால்தான் சின்னப் பிள்ளைகளுக்கு 'டேக் ரக்பி' என்று ஒரு வடிவம் இருக்கிறது. இடுப்பில் ஒரு பெல்ட், அதில் தொங்கும் ரிப்பன். ரிப்பனைப் பிடுங்கினால் போதும், யாரும் யாரையும் சாய்க்க வேண்டாம். முறையாகப் பயிற்சி பெற்றவர் சொல்லிக் கொடுப்பதும், காயத்துக்குக் காப்பீடு இருப்பதும் கட்டாயம். இரண்டும் இல்லாமல் தொடங்கவே கூடாது.

என்ன செய்யலாம்?

பெரிய ஸ்டேடியம் வேண்டாம். தோட்ட நிர்வாகம் வாரம் இரண்டு நாள் ஒரு சமதளத்தை ஒதுக்கட்டும். வெளிச்சம் இருக்கும்போதே முடியும் பயிற்சி நேரம், பிள்ளைகளை வீட்டில் இறக்கிவிட ஒரு ஜீப். பகுதிப் பள்ளிகளின் பி.டி. ஆசிரியர்களில் விருப்பமுள்ளவர்களுக்கு ரக்பி பயிற்சியாளர் வகுப்பு. இதெல்லாம் ஒரு மாவட்ட நிர்வாகத்தின் சக்திக்கு உட்பட்டவைதான்.

அடுத்தது மாநில அரசின் பங்கு. தமிழ்நாட்டில் விளையாட்டு விடுதிகள் இருக்கின்றன. அரசு வேலைகளில் விளையாட்டு வீரர்களுக்கு 3 சதவீத இடஒதுக்கீடும் இருக்கிறது. இந்த இரண்டும் தோட்டத்திலிருந்து வரும் ஒரு ரக்பி வீராங்கனைக்கு எட்டும்படி இருக்கணும். எந்தப் போட்டியில் எந்தப் பதக்கம் வாங்கினால் என்ன கிடைக்கும் என்பது ப்ளஸ் ஒன் படிக்கும்போதே அவளுக்குத் தெரிய வேண்டும். சென்னை புல்ஸ் வெற்றியைக் கொண்டாடும் நிறுவனங்களும் ரசிகர்களும் பெண்கள் ரக்பிக்காகவும் குரல் கொடுக்கலாம்.

எல்லோரும் இந்தியாவுக்கு ஆடிவிடப் போவதில்லை. சரஸ்வதிபூரிலும் பந்தைத் தொட்ட எல்லோரும் சந்தியா ராய் ஆகவில்லை. ஆனால் பதினேழு வயதில் 'அடுத்து என்ன?' என்று கேட்கும் பெண்ணுக்கு வேலை, கல்யாணம் என்ற இரண்டோடு மூன்றாவதாக ஒரு பதிலும் அங்கே கிடைத்தது. அந்த மூன்றாவது பதில் சேரங்கோட்டுக்கும் வர வேண்டும். அதற்கு முதலில் யாராவது ஒரு பந்தைக் கொண்டு வரணும். வந்தவர் அடுத்த வாரமும் வரணும்.