பிரிட்ஜும் எஞ்சின் ரூமும் காதலித்தால்

கப்பலில் இரண்டு கட்சி. மேலே, கப்பலைச் செலுத்தும் பிரிட்ஜில் நிற்பவர்கள், கீழே எஞ்சின் ரூமில் கிடப்பவர்கள். மேலே உள்ளவர்களுக்குக் கடலும் வானமும் தெரியும். எங்களுக்குத் தெரிவதெல்லாம் பிரஷர் கேஜும் பில்ஜில் தேங்கிய எண்ணெய்த் தண்ணீரும்தான். வேகம் கூட்டு என்று உத்தரவு வரும். முடியாது என்போம். "ஏன் முடியாது?" என்று போனில் ஒரு குரல் கேட்கும். சரக்குக் கப்பல்களில் 31 வருடம் வேலை பார்த்துவிட்டு, ஃபிட்டராக ஓய்வு பெற்றுத் தூத்துக்குடியில் உட்கார்ந்திருக்கிறேன். அந்தக் குரல் இன்றும் கனவில் வரும்.

அதனால், 'தி ஆப்பிரிக்கன் குயீன்' படத்தை யாராவது காதல் படம் என்றால் ஒரு திருத்தம் சொல்வேன். அது பிரிட்ஜுக்கும் எஞ்சின் ரூமுக்கும் வந்த காதல்.

ஒரு துறைமுகத்துக்கு வெளியே பெர்த் கிடைக்காமல் பதினொரு நாள் நங்கூரம் போட்டுக் கிடந்தபோது, மெஸ் ரூமில் லேபிள் கிழிந்த ஒரு வீடியோ கேசட்டில்தான் அதை முதலில் பார்த்தேன். கடல் சாகசப் படம் என்று சொல்லிப் போட்டார்கள். பார்த்தால் கடலே இல்லை. ஒரு ஆறு, கடைசியில் ஒரு ஏரி. பாதிப் பேர் எழுந்து போய்விட்டார்கள். நான் உட்கார்ந்துவிட்டேன். காரணம், திரையில் ஒருவன் பாய்லரை உதைத்துக்கொண்டிருந்தான்.

1914 செப்டம்பர். ஜெர்மானியர் பிடியிலிருந்த கிழக்கு ஆப்பிரிக்கா. ஒரு ஆங்கிலப் பாதிரியார், கூட அவர் தங்கை ரோஸ். ஜெர்மன் படை வந்து ஊரைக் கொளுத்த, அந்த அதிர்ச்சியிலேயே அண்ணன் செத்துப்போகிறார். தபாலும் சாமானும் கொண்டுவரும் சார்லி தன் ஓட்டை நீராவிப் படகில் ரோஸை ஏற்றிக்கொள்கிறான். எங்காவது ஒதுங்கிக் கிடந்து போரைக் கழித்துவிடலாம் என்பது அவன் கணக்கு. ஏரியில் ரோந்து சுற்றும் ஜெர்மன் கப்பலை டார்ப்பிடோ வைத்துத் தகர்க்க வேண்டும் என்பது அந்தம்மா போட்ட கணக்கு. டார்ப்பிடோவா? படகில் கிடக்கும் சிலிண்டருக்குள் வெடிமருந்தைத் திணித்து நாமே செய்துகொள்வதுதான்.

அன்று முதல் சுக்கான் ரோஸ் கையில், பாய்லர் சார்லி கையில். ரோஸாக நடித்த காத்தரின் ஹெப்பர்னுக்குப் படப்பிடிப்பின்போது 44 வயது, சார்லியாக நடித்த ஹம்ஃப்ரி போகார்ட்டுக்கு 51. இரண்டு பேரும் மரத்தைச் சுற்றி ஓடவில்லை. ஓட இடமும் இல்லை, படகு அவ்வளவுதான். ஜின் பாட்டில்களை ரோஸ் ஒவ்வொன்றாக ஆற்றில் கவிழ்க்கும் காட்சியைப் பார்த்துவிட்டு என் மனைவி சொன்னது: "ஏங்க, இதுக்குப் பேருதான் கல்யாணம்."

எனக்குப் பிடித்த இடம் வேறு. பாறையில் அடித்துப் புரொப்பல்லர் ஷாஃப்ட் வளைந்துவிடுகிறது, ஒரு பிளேடும் போய்விடுகிறது. சரிசெய்ய முடியாது என்று சார்லி கையை விரிக்கிறான். ரோஸ் கேட்கிறாள், ஏன் முடியாது? நான் வாழ்நாள் முழுக்க வெறுத்த அதே கேள்வி. ஆனால் இந்தம்மா கேட்டுவிட்டு மேலே நிற்கவில்லை. அவனோடு தண்ணீருக்குள் முங்குகிறாள். கரையில் உலை மூட்டித் துருத்தி ஊதுகிறாள். லேத் இல்லாமல், அளவு பார்க்க ஒரு கருவி இல்லாமல், கண்மட்டத்தில் ஷாஃப்டை நிமிர்த்துவது என்றால் என்னவென்று செய்தவனுக்குத்தான் தெரியும். வேலை முடிந்து அந்த முகங்களில் ஒரு சந்தோஷம் வரும் பாருங்கள், முத்தக் காட்சி எல்லாம் அதற்கு அடுத்தபடிதான்.

படத்துக்கு மூலம் சி. எஸ். ஃபாரஸ்டர் 1935-ல் எழுதிய நாவல். ஜான் ஹூஸ்டன் 1951-ல் நடிகர்களை பெல்ஜியன் காங்கோவுக்கும் உகாண்டாவுக்கும் கூட்டிக்கொண்டு போய்ப் படமெடுத்தார். படப்பிடிப்பில் படகு நிஜமாகவே மூழ்கி, இழுத்துத் தூக்க வேண்டியதாயிற்று. போகார்ட்டுக்கு வாழ்க்கையில் கிடைத்த ஒரே ஆஸ்கர் இந்தப் படகோட்டி வேடத்துக்குத்தான்.

என் மைத்துனர் நிறையப் படிப்பவர். நாவலின் முடிவைப் படம் கெடுத்துவிட்டது என்பது அவர் வாதம். நாவலில் புயலில் படகு மூழ்கிவிடும். இருவரையும் பிடித்த ஜெர்மன் கேப்டன், வெள்ளைக்கொடி காட்டி ஆங்கிலேயரிடம் ஒப்படைத்துவிடுவார். பிறகு கடற்படையின் இரண்டு மோட்டார் படகுகள் வந்து அந்தக் கப்பலை முடித்துவிடும். இருவரும் சந்தோஷமாக வாழ்ந்தார்களா என்பதைக்கூட ஃபாரஸ்டர் உறுதியாகச் சொல்வதில்லை. படத்திலோ, தூக்குக்கயிற்றுக்கு முன் நிற்கும் இருவருக்கும் ஜெர்மன் கேப்டனே கல்யாணம் செய்துவைத்து, அதே மூச்சில் தூக்கைத் தொடரச் சொல்வார். அந்த நேரம் பார்த்து, கவிழ்ந்து மிதக்கும் பழைய படகின் டார்ப்பிடோவில் கப்பல் மோதி வெடிக்கும்.

நம்பும்படியாக இல்லை என்கிறார் மைத்துனர். இல்லைதான். ஆனாலும் மாற்றியது சரி என்பேன். நாவலில் இத்தனை நூறு பக்கம் சார்லியும் ரோஸும் பட்ட பாடு எதற்கும் உதவாமல் போகிறது, கடைசியில் சீருடைக்காரர்கள் வந்து பேர் வாங்குகிறார்கள். ஃபாரஸ்டர் பிறகு ஹார்ன்புளோவர் என்ற கடற்படை அதிகாரியை வைத்து வரிசையாக நாவல் எழுதிப் புகழ்பெற்றவர். எவ்வளவு பெரிய எழுத்தாளரானாலும் பிரிட்ஜ் ஆள்! ஹூஸ்டன் அந்த வெற்றியை ஓட்டைப் படகுக்குத் திருப்பிக் கொடுத்தார். நடுக்கடலில் ஃப்யூயல் பம்ப் உடைந்து, 19 மணி நேரம் சாப்பாடு தூக்கம் இல்லாமல் நாங்கள் நால்வர் சரிசெய்த பிறகு, கம்பெனியிலிருந்து வந்த பாராட்டுக் கடிதத்தில் கேப்டன் பெயர் மட்டும் இருந்ததைப் படித்தவன் நான். எனக்கு அந்த வெடிச்சத்தம் தேவைப்பட்டது.

இந்தக் கதைக்குப் பின்னால் உண்மையில் நடந்தது நாவல், படம் இரண்டையும்விட விசித்திரம். தாங்கன்யீகா ஏரியில் ஜெர்மானியர் இறக்கிய 'கிராஃப் ஃபான் கோட்சன்' கப்பல், 1913-ல் ஜெர்மனியில் பாப்பன்பர்க் ஊரில் கட்டி, பிரித்து, சுமார் 5,000 பெட்டிகளில் அடைத்து, கடலிலும் ரயிலிலும் கொண்டுவந்து கரையில் மறுபடி பூட்டியது. அந்த ஏரியைப் பிடிக்க ஆங்கிலேயர் 'மிமி', 'டூட்டூ' என்று இரண்டு மோட்டார் படகுகளை அனுப்பினார்கள். நாய், பூனை என்றே பெயர் வைக்கக் கேட்டுக் கடற்படைத் தலைமையகம் மறுத்துவிட, தளபதி ஸ்பைசர்-சிம்சன் வைத்த மாற்றுப் பெயர்கள் அவை. உடம்பெல்லாம் பச்சை குத்திக்கொண்டு, பாவாடை கட்டிக்கொண்டு நின்ற மனிதர். அந்தப் படகுகள் கேப் டவுனிலிருந்து ரயிலில் வந்து, பிறகு நீராவி இழுவை எஞ்சினும் மாடும் மனிதரும் இழுக்கக் காட்டையும் மலையையும் தாண்டின. ஒரு சிறிய ஜெர்மன் கப்பலைப் பிடித்தன, இன்னொன்றை மூழ்கடித்தன. கோட்சனை மட்டும் தொடவே இல்லை. 1916 ஜூலையில் ஜெர்மானியர் பின்வாங்கியபோது தாங்களே அதை மூழ்கடித்தார்கள். மூழ்கடிக்கும் முன்னால், கப்பலைப் பூட்டவென்று ஊரிலிருந்து கூடவே வந்திருந்த எஞ்சின்காரர்கள் எஞ்சின் முழுக்க கனமாக கிரீஸ் பூசினார்கள். 1924-ல் மேலே தூக்கிப் பார்த்தால் எஞ்சின் உபயோகத்துக்கு ஆகும் நிலையில் இருந்தது. 'லியம்பா' என்ற பெயரில் 1927 முதல் நூற்றாண்டு நெருங்கும்வரை அது பயணிகளை ஏற்றிக்கொண்டு போனது. படத்தில் சார்லியின் டார்ப்பிடோவில் வெடித்த கப்பலுக்கு முன்மாதிரி இதுதான்.

ஆனால் படத்தில் எனக்கு உறுத்தும் ஒன்று உண்டு. ஆப்பிரிக்காவில் நடக்கும் கதையில், ஊர் எரிந்த பிறகு, துப்பாக்கி தூக்கிய சிப்பாய்களைத் தவிர ஆப்பிரிக்கர் ஒருவருக்கும் வேலை இல்லை. சார்லி ஏன் பாய்லரை உதைக்கிறான்? உள்ளே ஒரு ஸ்க்ரூ டிரைவர் விழுந்து கிடக்கிறது. உதைக்காவிட்டால் வெடித்துவிடும். போட்டது யார்? தன்னிடம் வேலை பார்த்த பையன்களில் ஒருவன் என்கிறான். நாமும் சிரிக்கிறோம். அந்தப் பையனைக் கேட்டால் என்ன சொல்வான் என்று படம் யோசிக்கவில்லை, முதல் மூன்று தடவை நானும் யோசிக்கவில்லை.

எஞ்சின் ரூமில் ஃபிட்டருக்குக் கீழே வைப்பர் என்று ஒருவன் இருப்பான். துடைப்பது, கழுவுவது, பழியை ஏற்றுக்கொள்வது அவன் வேலை. ஒருமுறை கியர் கேஸுக்குள் ஒரு நட் விழுந்து, அதைத் தேடி எடுக்க ஆறு மணி நேரம் ஆயிற்று. செகண்ட் இன்ஜினியர் இறங்கி வந்து யார் என்று கேட்டார். நான் வைப்பரைப் பார்த்தேன். அவன் தலையைக் குனிந்துகொண்டான். நட் விழுந்தது என் கையிலிருந்துதான்.