வில்லியனூர் ரயிலும் மூணு பெருசுங்களும்

மார்க்ஸா, வெபரா, துர்கைமான்னு பட்டிமன்றம் நடத்துற மக்களே, ஒருதரம் எங்க வில்லியனூருக்கு வந்துட்டுப் போங்க.

ரயிலும் அதோட வர்ற தொழிலும் சாதியைத் தாங்குற பரம்பரைத் தொழில்முறையைக் கரைச்சிடும்னு மார்க்ஸ் 1853-ல எழுதினார். 1879-ல எங்க ஊர் வழியா ரயில் வந்துச்சு. புதுச்சேரியில மில்லும் வந்துச்சு. 1936 ஜூலை 30-ல பிரெஞ்சுப் போலீஸ் சுட்டு 12 தொழிலாளிங்க செத்தாங்க. அந்தப் போராட்டம்தான் எட்டு மணி நேர வேலையை வாங்கித் தந்துச்சு. இதுவரைக்கும் மார்க்ஸ் பாஸ்.

என் தாத்தாவும் மில் தொழிலாளிதான். உள்ளே ஒரே தறி, ஒரே சங்கம். ஷிப்ட் முடிஞ்சா அவரு ஊருக்கு, கூட்டாளி காலனிக்கு. கரைஞ்சுதா?

உடனே வெபரைத் தூக்கிட்டு ஓடி வராதீங்க. முதலாளித்துவம் இங்க தானா முளைக்காதுன்னுதான் அவர் சொன்னார். வெளியிலேருந்து வந்தது சாதியோட சமரசமா குடும்பம் நடத்துதே!

துர்கைமோட 1893 புத்தகத்துல கடைசிப் பகுதியைப் படிங்க. திறமையைப் பாக்காம பிறப்பைப் பாத்துக் கட்டாயமா பிரிச்ச வேலை, ஒற்றுமையைத் தராது, சண்டையைத்தான் தரும்ங்கறார். பாகூர் வயல்ல நாத்து நடுறது யாரு, பட்டா யாரு பேர்லன்னு கேட்டுப் பாருங்க, புரியும்.

ஏஎஃப்டி மில்லை 2020-ல மூடியாச்சு. காலனி இன்னும் தனியாத்தான் இருக்கு. இதுக்குப் பதில் சொல்லிட்டு அப்புறமா தியரி பேசுங்க சாமிகளா.

டிஸ்கி: திட்டுறவங்க பேரைப் போட்டுத் திட்டவும். அனானிக்குக் கதவு சாத்தியாச்சு.